சராசரியார் குடிவந்த ஊர்

தூரிப்பாளையத்தில் வட்டிக்கு விடாதவர்கள் வட்டி கட்டுகிறவர்களாகவும், இரண்டும் இல்லாதவர்கள் அந்த இருவருக்கும் நடுவில் நின்று கமிஷன் வாங்குகிறவர்களாகவும் இருந்தார்கள். அப்படிப்பட்ட ஊருக்கு ஒரு கல்லூரி வந்தபோது அதில் வணிகக் கணிதம் தவிர வேறெதையும் சொல்லிக்கொடுக்க யாருக்கும் தோன்றவில்லை. அந்தக் கல்லூரியின் கணிதப் பேராசிரியர் சென்னியப்பன், ஓர் ஆடி மாத வியாழக்கிழமை, பி.காம். இரண்டாம் ஆண்டுப் பிள்ளைகள் வீடு வீடாகப் போய்க் கேட்டுவந்த விவரங்களையெல்லாம் கரும்பலகையில் கூட்டி, ஊரிலிருந்த குடும்பத் தலைவர்களின் எண்ணிக்கையால் வகுத்து, விடைக்குக் கீழே இரண்டு கோடு இழுத்துவிட்டு வீட்டுக்குப் போனார். வெள்ளிக்கிழமை காலை அந்த விடை, கையில் ஒரு டிரங்குப் பெட்டியும், ஏறக்குறைய இருந்த ஒரு மனைவியும், ஒன்றேமுக்கால் பிள்ளைகளுமாக டவுன் பஸ்ஸிலிருந்து இறங்கியது.

பஸ் ஸ்டாண்டில் யாரும் வாயைப் பிளக்கவில்லை. பாக்கி வைத்துவிட்டு ஓடிப்போனவன் எவனாவது திரும்பி வந்தால்தான் அந்த ஊர் வாயைப் பிளக்கும். வந்தவர் உயரமும் இல்லை, குட்டையும் இல்லை. குடும்பத் தலைவர்களில் சிலர் பெண்கள் என்பதால் அவருடைய இடது மணிக்கட்டில் மயிரிழை கனத்தில் ஒரு வளையல் இருந்தது, வெயில் பட்டால் மட்டும் தெரியும். நெற்றியில் திருநீறு பட்டையாக இருந்தது. அதற்கு அடியில் ஒரு நாமமும் ஒரு பிறையும் ஒரு சிலுவையும், சிலேட்டில் சரியாக அழியாத எழுத்துகளைப் போல மங்கலாகக் கிடந்தன. மூத்த மகள் முழுசாக இருந்தாள். இளையவள் முக்கால் பங்குதான் இருந்தாள். முழங்காலுக்குக் கீழே வெயிலில் கரைந்ததுபோல ஒன்றும் இருக்காது, கொலுசுச் சத்தம் மட்டும் கேட்கும்.

டீக்கடைக் குப்புராசு வழக்கமான கேள்விகளை வழக்கமான வரிசையில் கேட்டான்.

"ஏனுங்க, எந்த ஊருங்க?"

"இந்த ஊருதானுங்க."

"யாரு வூட்டுக்கு வந்திருக்கறீங்க?"

"எல்லாரு வூட்டுக்குந்தானுங்க."

"அது சரி. நீங்க என்ன ஆளுங்க?"

வந்தவர் யோசித்தார். "அந்தக் கட்டத்தை மட்டும் வாத்தியார் வகுக்காம உட்டுட்டாருங்க" என்றார்.

உண்மைதான். மற்றதையெல்லாம் கூட்டிய சென்னியப்பன் சாதிக் கட்டத்துக்கு வந்தபோது, எதை எதோடு கூட்டுவது என்று தெரியாமல் சாக்பீஸை மேசைமேல் வைத்துவிட்டு விசிலடித்தார். ஆகவே சொந்த சாதி இல்லாத ஒரே மனிதர் ஊருக்குள் வந்து சேர்ந்தார். குப்புராசு கண்ணாடி டம்ளர்களை ஒருமுறை பார்த்தான், வந்தவரை ஒருமுறை பார்த்தான், பேப்பர் கப்பில் ஊற்றிக் கொடுத்தான். நாள் போகப்போக ஒவ்வொரு தெருவும் அவரைத் தன் ஆள் என்று மனசுக்குள் முடிவுசெய்துகொண்டு சராசரியார் என்று மரியாதையாகவே கூப்பிட்டது. கப்பை மட்டும் யாரும் மாற்றவில்லை.

அவர் குடிவந்தது சென்னியப்பனின் வீட்டு மாடியில். சென்னியப்பன் மனைவி இறந்தபிறகு தனியாக இருந்தார். தன்னைத் தானே கேள்வி கேட்டுக்கொண்டு, பதிலும் தானே எழுதி, மார்க்கும் தானே போட்டுக்கொள்கிற பழக்கம் அவருக்கு உண்டு. ஐம்பத்துமூன்று வயதுவரை அவர் ஒருமுறையும் ஃபெயில் ஆனதில்லை. "வாடகை எவ்வளவு தருவீங்க?" என்று கேட்டதற்கு, "ஊருல எல்லாரும் எவ்வளவு தர்றாங்களோ அவ்வளவு" என்றார் சராசரியார். இளையவள் கொலுசு குலுங்க, காலில்லாமல், மாடிப்படி ஏறி ஓடினாள். அந்தச் சத்தம் சென்னியப்பனுக்குப் பிடித்திருந்தது. அந்த வீட்டில் பல வருஷமாக ஃபேன் சத்தம் மட்டும்தான்.

வினை ஒரு வாரத்தில் ஆரம்பித்தது. ஊர்க்காரர்கள் ஒவ்வொருவராக, தற்செயலாக வருவதுபோல வந்து, சராசரியாரின் பக்கத்தில் நின்று பார்த்துக்கொண்டார்கள். லாரி ஓட்டுகிறவர் நின்று பார்த்தார், தறிக்காரர் நின்று பார்த்தார், நகைக்கடை கணக்குப்பிள்ளை நின்று பார்த்தார், சொந்த வீடும் இரண்டு எருமையும் வைத்திருந்தவர் தலைக்கு எண்ணெய் தடவிச் சீவிக்கொண்டு வந்து நின்று பார்த்தார். அவர் பக்கத்தில் நின்றால் வருமானம்தான் உயரமாகத் தெரிந்தது. எல்லாரும் அவருக்குக் கீழே இருந்தார்கள். நேற்றுவரை தன் வீட்டுத் திண்டாட்டம் தனக்கும் கடவுளுக்கும் மட்டும் தெரியும் என்று நிம்மதியாக இருந்த ஊர், இப்போது கடைவீதியில் பை நிறையக் காய்கறியோடு நடந்துபோகும் ஓர் அளவுகோலைப் பார்த்துத் தூக்கம் கெட்டது.

காரணம் சென்னியப்பனுக்கு இரண்டு கோடு இழுக்கும்போதே தெரியும். ஆழ்துளைக் கிணறு தோண்டும் லாரிகளும், கோழிப் பண்ணைகளும், பைனான்ஸும், அந்தக் கல்லூரியும் தெய்வசிகாமணி ஒருவருக்கே சொந்தம். கல்லூரியின் தாளாளரும் அவர்தான். தராசின் ஒரு தட்டில் ஊரையும் இன்னொரு தட்டில் சிகாமணியையும் வைத்தால் ஊர் மேலே போய்விடும். கூட்டி வகுத்ததில் சிகாமணியின் செல்வம் எல்லார் தலையிலும் ஆளுக்கொரு கரண்டி தெளிக்கப்பட்டிருந்தது, கரும்பலகையில் மட்டும்.

வகுப்பில் அம்சவேணி கேட்டாள். ஓடைக்கரையிலிருந்து வருகிற பெண். கணக்கெடுப்பில் பாதித் தெருக்களுக்கு அலைந்தவள் அவள்தான். சில தெருக்களில் வாசலுக்கு வெளியே நின்றே எழுதிக்கொண்டு வந்தாள்.

"சார், தாளாளர் ஒருத்தரை மட்டும் எடுத்துட்டு வகுத்துப் பாக்கட்டுங்களா?"

"எதுக்கு?"

"சும்மாதான் சார். சராசரியாரு நம்மளாட்டத் தெரிவாரோன்னு."

"தெரிவாரு தெரிவாரு, வேட்டியில ஒட்டுப் போட்டுட்டு" என்றான் பின்பெஞ்சில் ஒருவன். வகுப்பு சிரித்தது.

"அது பாடத்திட்டத்தில் இல்லை" என்றார் சென்னியப்பன்.

"இடைநிலை இருக்குதுங்களே சார், மூணாவது அலகுல. எல்லாத்தையும் வரிசையா நிக்கவெச்சு, நடுவுல யாரு நிக்கறாங்கன்னு பாக்கறது. ஒருத்தரு எத்தனை பெரிய ஆளா இருந்தாலும் வரிசையில அவருக்கு ஒரு எடந்தான்."

"மூணாவது அலகு வரும்போது பாத்துக்கலாம், உக்காரு."

அந்த வருஷம் மூன்றாவது அலகு வரவே இல்லை. இரண்டாவதை முடித்துவிட்டு நான்காவதுக்குப் போனார். ஏன் போனாய் என்று தன்னைக் கேட்டுக்கொண்டார். தாளாளரின் கல்லூரியில் தாளாளரை எடுத்துவிட்டுக் கணக்குப் போடுவது நாகரிகம் அல்ல என்று பதில் எழுதினார். தேறுகிற மார்க் போட்டுக்கொண்டார்.

அவமானம் தாங்காத ஊர் படிக்க ஆரம்பித்தது. சிகாமணி தன் கல்யாண மண்டபத்தை மாலை நேர வகுப்புக்குத் திறந்துவிட்டார். வாசலில் 'சராசரிக்கு மேலே' என்று பேனர் கட்டினார். சென்னியப்பனைக் கல்லூரி முதல்வர் ஆக்கி, மண்டபத்திலும் பாடம் நடத்தச் சொன்னார். பந்திப் பாய்களில் உட்கார்ந்து ஊரே வணிகக் கணிதம் படித்தது. கூட்டு வட்டி அவர்களுக்கு ஏற்கெனவே ரத்தத்தில் இருந்தது. தேய்மானத்தையும் நிகழ்கால மதிப்பையும் லாபநஷ்டமில்லாப் புள்ளியையும் புதிதாகக் கற்றுக்கொண்டு, கற்றதையெல்லாம் மறுநாள் காலையே ஒருவர்மேல் ஒருவர் எறிந்தார்கள். மாமியார் மருமகளுக்குத் தேய்மானம் கணக்கிட்டாள். மருமகள் மாமியாருக்குக் கழிவு மதிப்பு மட்டும்தான் மிச்சம் என்று நிரூபித்தாள். தரகர்கள் ஜாதகத்தைக் கீழே வைத்துவிட்டு, "பையன் சராசரியாருல முக்கால் வாசிங்க, ஆனா வளர்ச்சி விகிதம் நல்லாருக்குது" என்றார்கள். இழவு வீட்டில் ஒருவர் இன்னொருவரின் காதில், போனவர் இன்னும் பத்து வருஷம் இருந்திருந்தால் அதன் இன்றைய மதிப்பு என்ன என்று சொல்ல, கேட்டவர் பாடையைப் பார்த்துக்கொண்டே, வட்டி விகிதம் அதிகம் பிடித்திருக்கிறீர்கள் என்று திருத்தினார். படித்து முடித்தவர்களுக்குச் சான்றிதழ் கிடைத்தது. லேமினேஷன் செய்து சாமி படத்துக்குப் பக்கத்தில் மாட்டினார்கள். இத்தனை படித்தும் யாருடைய சம்பளமும் ஏறவில்லை, வகுப்புக் கட்டணம் வாங்கிய சிகாமணியைத் தவிர. அதனால் சராசரியார்தான் ஒரு சுற்றுப் பெருத்தார்.

அப்போதுதான் மண்டபத்தில் கூட்டம் போட்டார்கள். சிகாமணி மேடையில் உட்கார்ந்து தொண்டையைக் கனைத்தார். அவர் கனைப்பதற்கும் பேசுவதற்கும் நடுவிலுள்ள இடைவெளியில் ஊர் மூச்சுவிடாது.

"நம்ம ஊரு சராசரியை ஏத்தோணும். அதுக்கு என்ன வழின்னு நீங்களே படிச்சிருக்கறீங்க. கீழ இழுக்கறது யாருன்னு பாருங்க. நான் பேரு சொல்ல மாட்டேன்."

அவர் பெயர் சொல்லவில்லை. மண்டபம் முழுவதும் ஓடைக்கரை இருக்கிற திசைக்குத் தலையைத் திருப்பிக்கொண்டது. அங்கே வருமானம் குறைவு, பிள்ளைகள் அதிகம்.

"அவங்களை எடுத்துட்டா ஏறுமுங்களா சார்?" என்று கேட்டான் முன்வரிசைக் குப்புராசு. "நீங்க சொன்னாச் சரிங்க."

"கணக்குப்படி" என்றார் சென்னியப்பன், "கீழே இருக்கிறவங்களை நீக்கினால் சராசரி ஏறும்."

கைதட்டல் அடங்குவதற்குள் பந்திக்கூடத்துக் கதவருகே நின்றிருந்த அம்சவேணி குரல் கொடுத்தாள். "சராசரி ஏறுமுங்க. நீங்க எப்படி ஏறுவீங்க? அது மேல போனா நீங்க இன்னுங் கீழயல்ல போவீங்க? சார், மீதியையும் சொல்லுங்க சார். அத்தனை பேருக்கும் மேல யாரு நிக்கறாங்கன்னு சொல்லுங்க. பட்டியல்ல அந்த ஒரு வரியை எடுத்துட்டுப் போடச் சொல்லுங்க. எங்க வூட்டை இடிக்க வேண்டியதில்லை."

எல்லாரும் சென்னியப்பனைப் பார்த்தார்கள். அவர் சொல்ல வேண்டியிருந்தது ஒரே வாக்கியம். நாக்கு நுனியில் உப்புக்கல் மாதிரி இருந்தது. சிகாமணி மிக லேசாகக் கனைத்தார்.

"அது பாடத்திட்டத்தில் இல்லை" என்றார் சென்னியப்பன்.

மண்டபம் எழுந்து நின்று கைதட்டியது. அந்த வாக்கியம் ஊருக்கு அவ்வளவு பிடித்துப்போயிற்று. அன்றிலிருந்து எங்கே போய்வந்தாய் என்று புருஷனைக் கேட்கிற மனைவிக்கும், சில்லறை கேட்கிற பயணிக்கும், நியாயம் கேட்கிற எவருக்கும் தூரிப்பாளையம் அந்தப் பதிலையே சொன்னது.

ஓடைக்கரை வறட்டாற்றைத் தாண்டி எதிர்க்கரைப் பாறைக்காட்டுக்குப் போயிற்று. சட்டிபானைகளோடும், கோழிகளோடும், தார்ப்பாய்களோடும், யாரும் அழாமல். அழுதால் நல்லாயிருக்குமே என்று பார்க்க வந்தவர்கள் ஏமாந்து திரும்பினார்கள்.

மறுநாள் காலை சராசரியார் பேன்ட் போட்டுக்கொண்டு மாடியிலிருந்து இறங்கினார். கையில் தங்கநிற வாட்ச் இருந்தது, வளையல் இல்லை. ஊர் ஆசையாக ஓடிப்போய்ப் பக்கத்தில் நின்று பார்த்தது. நேற்று அவருடைய தோளளவுக்கு இருந்தவன் இன்று நெஞ்சளவுக்குத்தான் இருந்தான். நேற்று அவருக்கு ஏறக்குறையச் சமமாக நின்ற ஒன்றிரண்டு பேரும் இன்று நன்றாகக் கீழே இருந்தார்கள். இதிலிருந்து எந்த முட்டாளும் ஒரு முடிவுக்கு வந்திருப்பான். படித்தவர்கள் என்பதால் அவர்கள் வேறு முடிவுக்கு வந்தார்கள்: நீக்கியது போதவில்லை.

பிறகு தறிக்கூலிகள் போனார்கள், அவர்களை அனுப்பக் கைதூக்கிய மூட்டை சுமப்பவர்கள் அடுத்துப் போனார்கள், மூட்டை சுமப்பவர்களை அனுப்பக் கைதூக்கிய டிரைவர்கள் அதற்கடுத்துப் போனார்கள், டிரைவர்களை அனுப்பியதற்கு இனிப்பு வாங்கிக் கொடுத்த குப்புராசு அந்த இனிப்பு நமத்துப்போவதற்குள் பாய்லரைத் தலையில் வைத்துக்கொண்டு போனான், அவனுக்குப் பின்னால் வளையல்கடை போயிற்று, மளிகைக்கடை போயிற்று, வக்கீல் போனார், இரண்டு எருமையும் சொந்த வீடும் வைத்திருந்தவர் எருமைகளோடு போனார். ஒவ்வொருவரும் கக்கத்தில் லேமினேஷன் செய்த சான்றிதழை இடுக்கிக்கொண்டு போனார்கள், ஆற்றின் நடுவில் நின்று திரும்பிப் பார்த்து, கணக்கு சரிதான் என்று சொல்லிவிட்டுப் போனார்கள். ஒவ்வொரு கூட்டம் போனபிறகும் சராசரியார் கொஞ்சம் பருத்தார், கொஞ்சம் சிவந்தார். தங்க பிரேம் கண்ணாடி வந்தது. மூக்கோரத்தில் ஒரு மச்சம் வந்தது, சிகாமணிக்கு இருக்கிற அதே இடத்தில். நெற்றியிலிருந்த பிறையும் சிலுவையும் போய், பிறகு நாமமும் போய், திருநீறு மட்டும் பளிச்சென்று நின்றது.

இளையவள் முதலில் இடுப்புவரை கரைந்தாள். கொலுசு நின்றது. பிறகு முகம் மட்டும் சன்னல் கம்பிகளுக்கு நடுவில் தெரிந்தது. பிறகு குரல் மட்டும். சிகாமணிக்கு ஒரே மகள், வெளிநாட்டில் இருந்தாள். கணக்கு அதை நோக்கித்தான் போய்க்கொண்டிருந்தது.

ஒரு மத்தியானம் சராசரியார் கீழே இறங்கி வந்து, பாதி சிகாமணியும் பாதி அழுகையுமான முகத்தோடு வாசற்படியில் நின்றார்.

"சார், நீங்க போட்ட கணக்குதானுங்களே நானு. ஒருக்கா அழிச்சுட்டு வேற மாதிரிப் போடுங்களேன்."

"கணக்கு சரியாகத்தானே இருக்கு" என்றார் சென்னியப்பன்.

"சரியாத்தானுங்க இருக்குது. புள்ளையைத்தான் காணோம்."

சென்னியப்பன் உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டார். இப்போதாவது சொன்னால் என்ன என்று கேட்டுக்கொண்டார். ஊரில் மிச்சமிருப்பவர்கள் கொஞ்சம் பேர், அவர்களிடம் சொல்லி என்ன பயன் என்று பதில் எழுதினார். இந்த முறை மார்க்கை ஒன்றிரண்டு குறைத்துத்தான் போட்டார். ஆனாலும் தேறிவிட்டார்.

அவர் முறை வந்தபோது சிகாமணி ஆளனுப்பாமல் அவரே வந்தார். நல்ல மனிதர்.

"முதல்வர் சார், உங்களை அனுப்பறதுல எனக்குத் துளி சம்மதமில்லை. ஆனா கணக்கு அப்படி வருதே, என்ன பண்ணச் சொல்றீங்க?"

"எனக்குப் புரியுதுங்க."

"புரியுமுங்க. நீங்க சொல்லிக் குடுத்ததுதானுங்களே."

சென்னியப்பன் பாட்டா செருப்போடு வறட்டாற்றில் இறங்கினார். மணல் சுட்டது. கரையோரத்தில் சராசரியார் நின்றுகொண்டிருந்தார். வணக்கம் சொன்னதற்கு அவர் தொண்டையைக் கனைத்தார், அவ்வளவுதான்.

எதிர்க்கரைக்கு முதலில் வந்தவர்கள் என்பதால் ஓடைக்கரைக்காரர்கள் பாறைக்கு நடுவில் தண்ணீர் கண்டுபிடித்து அடிபம்பு போட்டிருந்தார்கள். ஊரிலிருந்து வந்தவர்கள் எல்லாரும் அவர்களிடம்தான் குடம் நீட்ட வேண்டியிருந்தது. பம்படியில் அம்சவேணி நின்றிருந்தாள். அவள் திட்டுவாள் என்று எதிர்பார்த்து, அதற்குப் பதிலெல்லாம் தயாரித்துக்கொண்டு போயிருந்தார்.

"வரிசையில நில்லுங்க சார்."

"எங்கேம்மா?"

"எங்கன்னா? வந்த எடத்துல."

அவர் வக்கீலுக்குப் பின்னால் நின்றார். குப்புராசு ஒரு பாறைச் சரிவில் பாய்லரை நட்டிருந்தான். அந்தக் காட்டில் பேப்பர் கப் கிடைக்காததால் எல்லாருக்கும் கண்ணாடி டம்ளர்தான், அதுவும் நாலைந்துதான் இருந்ததால் யார் குடித்த டம்ளர் என்று பார்க்க யாருக்கும் நேரமில்லை. காலையில் வரிசை நின்றதும் அம்சவேணி இரண்டு முனையிலிருந்தும் கண்ணாலேயே எண்ணிக்கொண்டு வந்து நடுவில் நிற்பவரைக் கைகாட்டுவாள். "இன்னைக்கு நடு ஆளு நீங்கதானுங்க வக்கீல் சார். ஒரு பாட்டுப் பாடுங்க." ஒருநாள் நடு ஆள் ஓர் எருமையாக இருந்தது. சென்னியப்பனும் சிரித்தார். மூன்றாவது அலகை அவள் இப்படி நடத்திக்கொண்டிருக்கிறாள் என்று அவருக்குத் தெரிந்தது. மற்றவர்களுக்குத் தெரியவில்லை, அவர்களுக்கு அது விளையாட்டு.

ஊரில் சிகாமணியும் சராசரியாரும் மட்டும் இருந்தார்கள். இருவரும் ஒரே உருவம், ஒரே மச்சம், ஒரே கனைப்பு. கல்யாண மண்டபத்தில் எதிரெதிரே உட்கார்ந்து, ஒருவர் கனைத்தால் மற்றவர் மூச்சை நிறுத்திக் காத்திருந்தார். வட்டிக்குக் கேட்க ஆளில்லை. கோழிகளுக்குத் தீனி வைக்க ஆளில்லை. யாருக்கு மேலே இருக்கிறோம் என்று சிகாமணிக்குத் தெரியவில்லை. எதிரே இருப்பவர் ஒரு மயிரிழைகூடக் கீழே இல்லை. இது எவ்வளவு பெரிய கொடுமை என்பது பணக்காரர்களுக்குத்தான் தெரியும்.

ஒரு மாலையில் சிகாமணி குடை பிடித்துக்கொண்டு, பேன்ட்டை முழங்கால்வரை சுருட்டிவிட்டபடி, மணலில் தள்ளாடித் தள்ளாடி ஆற்றைக் கடந்து வந்தார். அவரால் துரத்தப்பட்ட ஊர் பாறைகளில் உட்கார்ந்து அவர் வருவதைப் பார்த்தது. கல்லெடுத்து எறிய எட்டுகிற தூரத்துக்கு அவர் வந்ததும், ஊர் எழுந்து நின்றது. குப்புராசு இருந்த ஒரே நாற்காலியை ஓடிப்போய் எடுத்துவந்து தன் தோள் துண்டால் துடைத்துப் போட்டான்.

"எதுக்குடா துடைச்சே?" என்று பிற்பாடு எருமைக்காரர் கேட்டதற்கு, "கை அதும்பாட்டுக்குத் துடைச்சுருச்சுங்க" என்றான்.

சென்னியப்பன் தன்னையும் பார்த்துக்கொண்டார். அவரும் நின்றுகொண்டுதான் இருந்தார். உட்கார்ந்திருந்தது ஓடைக்கரைக்காரர்கள் மட்டும்.

மறுநாள் காலை பம்படியில், கையில் டிரங்குப் பெட்டியோடு சராசரியார் நின்றார். பழைய சராசரியார். வேட்டி, மங்கலான பிறை, மயிரிழை வளையல், ஏறக்குறைய இருந்த மனைவி. பக்கத்தில் மூத்தவள். அவளுக்குப் பின்னாலிருந்து, காலில்லாமல், கொலுசு குலுங்க இளையவள் ஓடிவந்து சென்னியப்பனின் வேட்டியைப் பிடித்துக்கொண்டாள்.

"சார், சின்னவ வந்துட்டா சார்!" என்றார் சராசரியார். கண்ணாடி இல்லாத அவருடைய கண்கள் ஈரமாக இருந்தன. "எல்லாரும் இருந்தாத்தானுங்க இவ இருக்கறா."

சென்னியப்பன் அவள் தலையில் கை வைத்தார். கதகதப்பாக, முழுசாக இருந்தது அந்தத் தலை.

ஆனால் அதற்குள் வரிசை கலைந்துவிட்டது. குடத்தைக் கீழே வைத்துவிட்டு ஒருவர் சராசரியாரின் பக்கத்தில் போய் நின்று பார்த்தார். அடுத்து வக்கீல் நின்று பார்த்தார். குப்புராசு பாய்லரை அப்படியே விட்டுவிட்டு வந்து நின்று பார்த்து, உதட்டைப் பிதுக்கினான். எல்லாரும் கீழே இருந்தார்கள். நாற்காலியில் உட்கார்ந்திருந்த சிகாமணி தொண்டையைக் கனைத்தார்.

"நான் பேரு சொல்ல மாட்டேன்" என்றார்.

பம்படியைத் தாண்டி, கல்லடுப்புகளும் தார்ப்பாய்க் கூரைகளும் இருந்த பக்கம் தலைகள் மெதுவாகத் திரும்பின. யார் வாயிலிருந்தாவது ஏதாவது வரும்வரை அம்சவேணி காத்திருக்கவில்லை. தன் வீட்டுக்குப் போய்க் கூரைத் தார்ப்பாயின் கட்டுகளை அவிழ்க்க ஆரம்பித்தாள். அவளைப் பார்த்து அடுத்த வீட்டிலும் அவிழ்த்தார்கள்.

வேட்டியைப் பிடித்திருந்த சின்னக் கையின் பிடி லேசானது. சென்னியப்பன் குனிந்து பார்த்தார். பிறகு நிமிர்ந்து, பள்ளிக்கூடப் பையனைப்போலக் குரல் உடைய, அந்த வாக்கியத்தைச் சொன்னார்.

"அந்த ஒரு வரியை எடுத்துட்டுக் கணக்குப் போடுங்க. நாற்காலியில உக்காந்திருக்கிறவரை எடுத்துட்டு. எல்லாரும் சமமா நிப்பீங்க. ஒருத்தரும் போக வேண்டாம். நான் அன்னைக்கே சொல்லியிருக்கணும்."

ஊர் அவரைத் திரும்பிப் பார்த்தது. கோபமில்லை, பிரியமாகத்தான் பார்த்தது. பாடம் சொல்லிக்கொடுத்தவர் அல்லவா. குப்புராசு தலையைச் சொறிந்தான்.

"பாடத்திட்டத்துல இருக்குதுங்களா சார்?"

"இருக்குப்பா. மூணாவது அலகு."

"அது நீங்க நடத்தவே இல்லீங்களே சார்" என்றான் குப்புராசு. எல்லாரும் ஆமாம் என்று தலையாட்டினார்கள். சான்றிதழ் வைத்திருந்தவர்கள் அதை எடுத்துப் பார்த்து, அதில் அப்படி ஒன்றும் எழுதியிருக்கவில்லை என்று உறுதிசெய்துகொண்டார்கள்.

சென்னியப்பன் பம்படியைக் கடந்து தார்ப்பாய்களின் பக்கம் நடந்தார். அம்சவேணி ஒரு முனையை மடித்துக் கையில் வைத்துக்கொண்டு, மறுமுனை காற்றில் படபடக்க, தடுமாறிக்கொண்டிருந்தாள். அவர் வந்து நிற்பதைப் பார்த்தாள். ஆச்சரியமும் இல்லை, கோபமும் இல்லை.

"அந்த முனையைப் புடிங்க சார். இழுத்துப் புடிக்கோணும்."

பிடித்தார். மடித்தார்கள். வெயில் ஏறுவதற்குள் புறப்பட வேண்டியிருந்தது. பாறைக்காட்டுக்கு அப்பால் இன்னும் பாறைக்காடுதான் இருந்தது. தார்ப்பாயைத் தோளில் வைத்துக்கொண்டு ஓடைக்கரைக்காரர்களோடு அவர் நடந்தபோது, பின்னால் கொஞ்ச தூரம்வரை கொலுசுச் சத்தம் ஓடிவந்தது. பிறகு மெலிந்தது. பிறகு இல்லை. தூரம் கூடியதால் கேட்காமல் போனதா என்று வழக்கம்போல ஒரு கேள்வி எழுந்தது. பதில் அவருக்குத் தெரியும். மார்க் போடுவதற்குக் கை ஒழியவில்லை, தார்ப்பாய் கனமாக இருந்தது.